பி.கே. ரோஸி பற்றிக் கட்டுரை எழுதுமுன்: எது ஆவணம், எது வாய்மொழி, எது சினிமா?

சுடர்விழி

வணக்கம் தோழர்களே. ஒரு சிற்றிதழின் சிறப்பிதழுக்கு பி.கே. ரோஸி பற்றி நான்கு பக்கக் கட்டுரை தேவைப்படுகிறது. இணையத்தில் தேடினால் ஒரே பத்திதான் வேறு வேறு தலைப்பில் வருகிறது: ஜே.சி. டேனியல் எடுத்த ‘விகதகுமாரன்’ என்ற மலையாளத்தின் முதல் மௌனப் படத்தில், புலையர் என்ற ஒடுக்கப்பட்ட சமூகத்தில் பிறந்த அவர் உயர்சாதி நாயர் பெண்ணாக நடித்தார், திருவனந்தபுரம் கேப்பிட்டல் தியேட்டரில் கல் எறிந்தார்கள், வீட்டைக் கொளுத்தினார்கள், லாரியில் ஏறி நாகர்கோவில் பக்கம் போய்விட்டார். அதற்கு மேல் யாரும் நகர்வதில்லை.

நான்கு சந்தேகங்கள். படம் வந்தது 1928-லா 1930-லா? எங்கும் சுற்றும் அந்தப் புகைப்படம் அவருடையதுதானா? டேனியலையும் ரோஸியையும் பற்றி 2013-ல் வந்த ‘செல்லுலாயிட்’ படத்தை ஆதாரமாகக் காட்டலாமா? சினிமாவுக்கு முன் அவர் மேடையில் செய்தது என்ன?

வேணாட்டான்

ஆண்டுக் குழப்பத்தை முதலில் பார்ப்போம். அச்சில் இரண்டு தேதிகள் உண்டு: 1928 நவம்பர் 7, 1930 அக்டோபர் 23. முதலாவது பழைய வரலாற்று நூல்களிலும் அவற்றைப் பார்த்து எழுதிய ஆண்டுவிழாக் கட்டுரைகளிலும் வருவது. பிற்பாடு ஆராய்ந்தவர்களில் பலர் இரண்டாவதை ஏற்கிறார்கள். கட்டுரையில் ஒன்றை மட்டும் அழுத்திச் சொல்லாமல் இரண்டையும் கொடுத்துவிடுங்கள். பலர் செய்யும் பிழை, முதல் பத்தியில் 1928 என்று எழுதிவிட்டு மூன்றாம் பத்தியில் ‘27 வயதில் நடித்தார்’ என்று போடுவது. அவர் பிறந்தது 1903 என்றால் 1928-ல் 25 வயது, 1930-ல் 27. ஏதாவது ஒரு கணக்கைப் பிடித்துக்கொண்டு கடைசி வரை அதிலேயே நில்லுங்கள்.

பழைய தாள்களைத் தேடும் உத்தேசம் இருந்தால் மலையாள நாட்காட்டியின் கொல்லம் ஆண்டில் தேடுங்கள். திருவிதாங்கூர் அரசாங்கத் தாள்களில் கொல்லம் ஆண்டுதான் முன்னால் நிற்கும். ஆவணித் தொடக்கத்திலிருந்து டிசம்பர் முடிய ஆங்கில ஆண்டிலிருந்து 824-ஐயும், ஜனவரியிலிருந்து ஆடி முடிய 825-ஐயும் கழிக்க வேண்டும். அப்படிப் பார்த்தால் 1928 நவம்பர் என்பது 1104, 1930 அக்டோபர் என்பது 1106. இரண்டு தேதிகளும் துலாம் மாதத்திலேயே, அதாவது நம் ஐப்பசியிலேயே விழுகின்றன. ஆகவே புரட்ட வேண்டியவை இரண்டே கட்டுகள்: 1104 துலாம், 1106 துலாம். ஆங்கில ஆண்டைச் சொல்லிக் கட்டு கேட்டால் ஆவணிக்கு முந்தைய பாதியைத் தூக்கிக் கொடுத்துவிடும் வாய்ப்பு அதிகம்.

இன்னொன்று. டேனியலின் ஊரான அகஸ்தீஸ்வரம் 1949 வரை திருவிதாங்கூரில், பிறகு 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர்-கொச்சி மாநிலத்தில் இருந்தது. அதனால் அந்தக் காலத்து அரசுத் தாள்களைச் சென்னையில் தேடிப் பயனில்லை. திருவனந்தபுரத்துக் கேரள ஆவணக் காப்பகம்தான் இடம்.

ரீல்பெட்டி

படச்சுருள் பற்றி ஒரு வார்த்தை. ‘படம் தொலைந்துவிட்டது’ என்று எழுதிவிட்டு நகர்ந்துவிடாதீர்கள். அது எப்படிப் போனது என்பது தெரிந்த விஷயம். டேனியலின் இளைய மகன் ஹாரிஸ் சிறு பையனாக இருந்தபோது சுருளைத் தீயில் போட்டு விளையாடியதைப் பின்னாளில் அவரே சொல்லியிருக்கிறார்.

அந்தக் காலத்து 35 மி.மீ. சுருள் நைட்ரேட் செல்லுலோஸ் தளத்தில் செய்தது. எரியும்போது தனக்கு வேண்டிய ஆக்சிஜனைத் தானே வெளியிடும் பொருள் அது. பற்றிக்கொண்டால் தண்ணீர் ஊற்றியும் அணைக்க முடியாது, மணலில் புதைத்தாலும் உள்ளே கனன்றுகொண்டிருக்கும். தீயே படாவிட்டாலும் நம் ஊர் வெக்கையிலும் ஈரத்திலும் தானாகக் கெடும். முதலில் உருவம் வெளிறி மஞ்சளிக்கும், பிறகு பிசுபிசுத்துச் சுற்றோடு சுற்று ஒட்டும், மேலே நுரை போலக் கொப்புளம் கிளம்பும், கடைசியில் பழுப்புத் தூள். இந்தியாவில் எடுத்த மௌனப் படங்கள் 1,300-க்கு மேல். முழுதாகவோ துண்டாகவோ மிஞ்சியவை 30-ஐத் தொடாது. அந்தப் பையன் விளையாடாமல் இருந்திருந்தாலும் இந்தப் படம் நம் கைக்கு வந்திருக்கும் என்று சொல்ல முடியாது. ஆகவே பழி முழுவதையும் ஒரு குழந்தை தலையில் கட்டும் வாக்கியம் வேண்டாம்.

ஒப்பிட்டுப் பார்க்க ஒரு படம் இருக்கிறது. மலையாளத்தின் இரண்டாவது மௌனப் படமான ‘மார்த்தாண்ட வர்மா’ (1933). டேனியலின் உறவினரான நாகர்கோவில் ஆர். சுந்தர்ராஜ் தயாரித்தது, பி.வி. ராவ் இயக்கியது. படத்துக்கு மூலமான நாவலின் உரிமையை வைத்திருந்த கமலாலயா புத்தக டிப்போ வழக்குப் போட்டதால் படம் முடங்கியது. ஆனால் பிரதி பிழைத்து, புனேயில் தேசியத் திரைப்படக் காப்பகத்துக்குப் போய்ச் சேர்ந்தது. அந்த ஊரில், அந்தக் காலத்தில், அந்த வசதிக்குள் ஒரு நடிகையை எப்படி நிறுத்தினார்கள், எப்படி ஒளி கொடுத்தார்கள் என்று கண்ணால் பார்க்க நமக்குக் கிடைப்பது அது ஒன்றுதான். ரோஸியின் நடிப்பைப் பற்றி எழுதுமுன் அதைப் பார்த்துவிடுங்கள்.

மேடைவிளக்கு

நான்காவது கேள்விதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. கூலி வேலைக்குப் போன பெண்ணை டேனியல் எங்கிருந்தோ கூட்டிவந்து நடிக்க வைத்தார் என்கிற தொனியில் எழுதுகிறார்கள். அது சரியல்ல. ரோஸி காக்காரிசி நாடகம் ஆடியவர். புலையர் சமூகத்தில் பிறந்த பெண், ஊர் பார்க்க மேடையேறி ஆடிக்கொண்டிருந்தவர்.

காக்காரிசி நாடகம் தென் திருவிதாங்கூரின் கலை. காக்கான், காக்காத்தி என்ற குறவர் வேடத்தில் சிவனும் பார்வதியும் வருவார்கள். தம்புரான் (ஊர்ப் பிரபு) கேள்வி கேட்பார், காக்கான் பதில் சொல்வான். பதிலில் பாட்டு, ஆட்டம், குத்தல், சிரிப்பு எல்லாம் இருக்கும். பாட்டு தமிழும் மலையாளமும் கலந்தது. ஆர்மோனியம், மிருதங்கம், கஞ்சிரா, இலைத்தாளம் பக்கவாத்தியம். திறந்த வெளியில், தீப்பந்த வெளிச்சத்தில் நடக்கும். பெண் வேடத்தை ஆண்களே கட்டுவது வழக்கம். அதில் ஒரு பெண் இறங்கி ஆடுவதே அன்றைக்குச் சாதாரணமான காரியம் அல்ல.

பந்த வெளிச்சம் ஆடிக்கொண்டே இருக்கும். தூரத்தில் தரையில் உட்கார்ந்திருப்பவனுக்குப் புருவ அசைவு தெரியாது. கை, தோள், கழுத்தின் திருப்பம், நடை, இவற்றால்தான் கதை போய்ச் சேரும். மௌனப் படம் கேட்பதும் அதையேதான். டேனியல் மேடைக்காரியைத் தேடிப் போனதற்கு இதைவிடத் தெளிவான காரணம் வேண்டாம். முதலில் பம்பாயிலிருந்து லானா என்ற நடிகையை வரவழைத்தார், வசதிகள் போதவில்லை என்று தகராறு வந்து அது நடக்கவில்லை, அதன் பிறகே ரோஸி என்பது பரவலாகச் சொல்லப்படும் வரலாறு. லானா விவகாரத்தை ஒரு வரிக்கு மேல் நீட்டாதீர்கள். நிறைய கட்டுரைகளில் லானாவுக்கு ஒரு பத்தி, ரோஸியின் நாடகத்துக்கு அரை வரி.

கல்தச்சன்

மேடைவிளக்கு சொல்வதை ஏற்கிறேன், ஆனால் ஓர் எச்சரிக்கை. படமே இல்லாதபோது ‘அற்புதமாக நடித்தார்’ என்று எழுத முடியாது. அவருடைய பயிற்சி பற்றி எழுதலாம், திரையில் எப்படி இருந்தார் என்று எழுதக் கூடாது. கூட்டம் வெகுண்டது அவர் நடிப்பைப் பார்த்து அல்ல. புலையப் பெண் சரோஜினி என்ற நாயர் பெண்ணாக உட்கார்ந்ததையும், கதாநாயகன் அவள் தலையிலிருந்த பூவை எடுத்து முத்தமிடும் காட்சியையும் பார்த்துத்தான். இந்தப் பூக்காட்சி எல்லா விவரிப்பிலும் வருகிறது.

முதல் காட்சி நடந்த நாளை எழுதும்போது வரிசை மாறிவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள். முதலில் வாசல், பிறகுதான் திரை. தொடங்கிவைக்க வந்த பிரபல வக்கீல் மள்ளூர் கோவிந்த பிள்ளை, ரோஸி அரங்கில் இருந்தால் தான் வரமாட்டேன் என்றார். ஆகவே தன் படத்தின் முதல் காட்சிக்கு அவருக்கு இடம் இல்லை. காட்சி ஓடும்போது கூச்சல், கல்வீச்சு. அதற்குப் பிறகு அவர் வீட்டுக்குத் தீ. ‘ரசிகர்கள் கோபம்’ என்று மட்டும் எழுதினால் வாசலில் நடந்தது மறைந்துவிடும். படித்தவர்களும் பதவியில் இருந்தவர்களும் முதலில் கதவை அடைத்தார்கள், கல் அதற்குப் பிறகு வந்தது.

பின்னணிக்கு இரண்டு ஆண்டுகள் போதும். வைக்கம் போராட்டம் 1924-25. ஆலயப் பிரவேசப் பிரகடனம் 1936 நவம்பர் 12. படம் இரண்டுக்கும் நடுவே வருகிறது. கோவில் வாசலுக்குள் சட்டப்படி நுழைய முடியாத ஒரு பெண், திரையில் தறவாட்டுப் பெண்ணாக, அதாவது நாயர் பெருங்குடும்பத்துப் பெண்ணாக நின்றாள். இதற்கு மேல் விளக்கம் தேவைப்படாது.

ரீல்பெட்டி

புகைப்படக் கேள்விக்கு வருகிறேன். சுற்றிவரும் மங்கலான படம் ஒன்றே ஒன்று. அதன் மூலத்தைப் பற்றி ஆய்வாளர்களிடையே ஒத்த கருத்து இல்லை. ஆகவே அடிக்குறிப்பில் ‘ரோஸியுடையது எனச் சொல்லப்படும் படம்’ என்று போடுங்கள். ஓவியர் யாராவது வரைந்து கொடுத்ததாக இருந்தால் ‘ஓவியரின் கற்பனை’ என்று தெளிவாகப் போடுங்கள். 2023 பிப்ரவரி 10-ல் கூகுள் முகப்பில் வந்ததும் ஓவியம்தான். அதைப் புகைப்படம் போல அச்சிட்ட பத்திரிகைகள் உண்டு.

இன்னொரு பெரிய தவறு, பழைய கறுப்பு வெள்ளைப் படத்தைப் பார்த்து நிறத்தைத் தீர்மானிப்பது. 1920-களில் பெரும்பாலும் புழங்கியது ஆர்த்தோகுரோமேட்டிக் ஃபிலிம். அதற்கு நீலமும் பச்சையும் தெரியும், சிவப்பு தெரியாது. சிவப்பாக உள்ளதெல்லாம் கறுப்பாக விழும், நீல வானம் வெள்ளையாகப் போய்விடும். வெற்றிலைச் சிவப்பு உதடு கறுத்துத் தெரியும், குங்குமம் கரும்புள்ளியாகும். மாநிறத் தோலில் செம்மை இருந்தால் அதுவும் கூடுதலாகக் கறுக்கும். இதைச் சரிக்கட்ட முகத்தில் வெளிர்நிறப் பூச்சை அப்பிக் கண்ணைக் கறுப்பால் எடுத்துக் காட்டுவார்கள். ஆக, அந்தக் காலத்துப் படத்தில் ஒருவர் வெளுப்பாகத் தெரிந்தால் அது பூச்சாக இருக்கலாம், கறுப்பாகத் தெரிந்தால் ஃபிலிமின் குணமாக இருக்கலாம். ‘இவ்வளவு வெளுப்பானவர் ரோஸியாக இருக்க முடியாது’ என்று ஒரு கூட்டமும் ‘இவர்தான், நிறத்தைப் பாருங்கள்’ என்று இன்னொரு கூட்டமும் வாதாடுவதற்கு அடிப்படையே இல்லை.

படப்பிடிப்பு பற்றி ஒரு பத்தி எழுத இடம் இருந்தால் இந்தக் கணக்கைப் பயன்படுத்துங்கள். கையால் சுற்றும் கேமரா, நொடிக்கு இரண்டு சுற்று, சுற்றுக்கு 8 சட்டகம் (ஃபிரேம்), ஆக நொடிக்கு 16. ஓர் அடி 35 மி.மீ. ஃபிலிமில் 16 சட்டகம், எனவே நிமிடத்துக்கு 60 அடி. டெப்ரி பர்வோ மாதிரி கேமராவின் பெட்டியில் 400 அடி கொள்ளும், அதாவது 6 நிமிடம் 40 நொடி. சுற்றுகிறவனின் கை தளர்ந்தால் சட்டகம் குறையும், திரையில் நடை துள்ளும். வெயில்தான் விளக்கு. மேகம் வந்தால் வேலை நிற்கும். இந்த நிலையில் ஒரே காட்சியைத் திரும்பத் திரும்ப எடுக்கச் சொந்தக் காசில் படம் எடுப்பவருக்கு ஃபிலிம் கட்டுப்படியாகாது. முதல் தடவையே சரியாகச் செய்யத் தெரிந்த மேடைக்காரிக்கு அங்கே இருந்த மதிப்பு இதுதான்.

சுடர்விழி

மிக்க நன்றி. சம்பளம் பற்றி? நாளுக்கு 5 ரூபாய், பத்து நாள் என்று பார்த்தேன். பெயர் விஷயமும் குழப்பமாக இருக்கிறது: ராஜம்மா, ரோசம்மா, ரோஸி, ராஜம்மாள்.

வேணாட்டான்

5 ரூபாய் கணக்கு டேனியல் தரப்பு நினைவிலிருந்து வந்து நூல்களில் ஏறியது. ‘என்று சொல்லப்படுகிறது’ சேர்த்தே எழுதுங்கள். ரசீது, கணக்குப் புத்தகம் எதையும் யாரும் காட்டியதில்லை.

பெயருக்கு ஒரு வழி சொல்கிறேன். பிறந்தபோது ராஜம்மா. ரோஸி என்பது சினிமாவுக்காக டேனியல் வைத்தது என்று ஒரு தரப்பு. குடும்பம் கிறிஸ்தவத்துக்கு வந்தபோது ரோசம்மா ஆனார், அதுவே சுருங்கியது என்று இன்னொரு தரப்பு. நாகர்கோவிலில் ராஜம்மாளாக வாழ்ந்தார். நான்கையும் காலவரிசையில் வையுங்கள். தேடும்போதும் நான்கு பெயரிலும், டேனியல், தானியேல் என்ற இரண்டு எழுத்திலும் தேடுங்கள். ஒரு பெயரில் மட்டும் தேடி ‘ஒன்றும் கிடைக்கவில்லை’ என்று முடித்தவர்கள் அதிகம்.

ரோஸி ஏறிப்போன லாரியின் ஓட்டுநர் கேசவ பிள்ளை நாயர் சமூகத்தவர், அவரையே மணந்தார் என்பது தெரிந்த செய்தி. அடுத்த தலைமுறையின் பெயர், தெரு, வீட்டு அடையாளம் எதையும் போடாதீர்கள். ரோஸி தன் பழைய அடையாளத்தை மறைத்து வாழ வேண்டி வந்தது. அவர் குடும்பத்தை நம் கட்டுரைக்காக வெளிச்சத்தில் நிறுத்த நமக்கு உரிமை இல்லை.

கல்தச்சன்

‘செல்லுலாயிட்’ (2013) பற்றி. இயக்கியவர் மலையாள இயக்குநர் கமல். தமிழ்க் கட்டுரைகளில் வெறும் ‘கமல்’ என்று எழுதி வாசகரைக் குழப்பிவிடுகிறார்கள், ‘மலையாள இயக்குநர்’ என்ற அடைமொழி கட்டாயம். சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் எழுதிய டேனியல் வாழ்க்கை வரலாறும், வினு ஏப்ரகாமின் ‘நஷ்டநாயிகா’ நாவலும் அதற்கு அடிப்படை. பாதி நாவல் என்பதை மறக்க வேண்டாம். படத்தில் வரும் உரையாடல், முகபாவம், ரோஸியின் தயக்கம், இவை எதுவும் ஆதாரம் ஆகாது. அந்தப் படத்தின் ரோஸி ஒடுங்கி, மருண்டு நிற்கும் பெண். மேடையில் தம்புரானுக்கு எதிர்ப்பாட்டு பாடும் கலையில் இருந்தவர் அப்படித்தான் இருந்தார் என்று நம்ப எனக்குக் காரணம் தெரியவில்லை. ஆய்வாளர் ஜென்னி ரொவீனா இதையொட்டி எழுதிய கட்டுரையில், ஒரு தலித் பெண் இன்றைக்கு மலையாளப் படத்தில் நாயர் பெண்ணாக நடிக்க முடியுமா என்று கேட்டார். உங்கள் கட்டுரையில் அந்தக் கேள்விக்கு இடம் கொடுங்கள்.

முன்னோடிகளுக்கும் மரியாதை செய்ய வேண்டும். ரோஸியை முதலில் தேடி எழுதியவர் குன்னுகுழி எஸ். மணி, 1970-களின் தொடக்கத்திலேயே. கவிஞர் குரீப்புழ ஸ்ரீகுமாரின் ‘நடியுடெ ராத்ரி’ கவிதையும் ‘செல்லுலாயிட்’ படத்துக்கு முந்தியது. ‘2013-க்குப் பிறகே உலகம் அறிந்தது’ என்று எழுதினால் இவர்கள் உழைப்பை அழிப்பதாகும்.

மேடைவிளக்கு

தமிழ் வாசகருக்கான கட்டுரை என்பதால் இரண்டு இணைப்புகளைச் சேர்த்துக்கொள்ளுங்கள். ‘விகதகுமாரன்’ படத்தில் வில்லனாக நடித்த ஜான்சன், பின்னாளில் தமிழ்ப் படங்களில் புகழ்பெற்ற பி.எஸ். சரோஜாவின் தந்தை. அந்தப் படத்தில் நடித்த ஓர் ஆணின் மகளுக்குத் திரைத்துறை திறந்திருந்தது. கதாநாயகிக்கு அடுத்த படமே இல்லை. இரண்டாவது, டேனியலின் கடைசிக் காலம். அவர் நாடார் கிறிஸ்தவர், பல் மருத்துவம் செய்து பிழைத்து 1975-ல் அகஸ்தீஸ்வரத்தில் இறந்தார். நலிந்த கலைஞர் உதவித்தொகை கேட்டபோது, ஊர் இப்போது தமிழ்நாட்டில் இருக்கிறது, அங்கே கேளுங்கள் என்று கேரளத்தில் சொன்னார்கள். 1992-ல் அவர் பெயரிலேயே கேரள அரசு விருது வந்தது. ரோஸியின் பெயரை எடுத்து வைத்தது அரசு அல்ல, மலையாளத் திரைத்துறைப் பெண்களின் அமைப்பான விமன் இன் சினிமா கலெக்டிவ் 2019-ல் தொடங்கிய திரைப்படச் சங்கம். தமிழ்நாட்டில் பா. ரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையம் அவர் பெயரில் திரைப்பட விழா நடத்துகிறது.

சுடர்விழி

முதல் பத்தியை இப்படி எழுதியிருக்கிறேன், பாருங்கள்:

“தென்னிந்திய சினிமாவின் முதல் நடிகையான பி.கே. ரோஸி, காக்காரிசி நாடகக் கலைஞர். ஜே.சி. டேனியலின் ‘விகதகுமாரன்’ (1928 / 1930) படத்தில் சரோஜினி என்ற நாயர் பெண்ணாக நடித்தார். முதல் காட்சிக்கு அவர் அரங்கில் அனுமதிக்கப்படவில்லை. படத்தின் பிரதி இன்று இல்லை.”

வேணாட்டான்

‘தென்னிந்திய சினிமாவின் முதல் நடிகை’ தவறு. சென்னையில் நடராஜ முதலியார் எடுத்த ‘கீசக வதம்’ பத்தாண்டுகளுக்கு மேல் மூத்தது, அதில் திரௌபதியாக நடித்தவர் ஜீவரத்தினம் என்ற நடிகை. ‘மலையாள சினிமாவின் முதல் கதாநாயகி’ என்று மாற்றுங்கள், அதை யாரும் மறுக்க முடியாது. ‘அனுமதிக்கப்படவில்லை’ என்றால் யார் அனுமதிக்கவில்லை என்பது வாக்கியத்திலேயே வர வேண்டும். மள்ளூர் கோவிந்த பிள்ளையின் பெயரை அங்கே போடுங்கள். மற்றது சரி.

ரீல்பெட்டி

‘(1928 / 1930)’ என்ற சாய்கோட்டை அச்சுக்கோப்பவர்கள் ‘1928-1930’ ஆக்கிவிடுவார்கள், படம் எடுக்க இரண்டு வருடம் ஆனதாக வாசகர் நினைப்பார். ‘1928 என்றும் 1930 என்றும் சொல்வர்’ என்று எழுத்திலேயே போட்டுவிடுங்கள். மெய்ப்பு வரும்போது அந்த வரியையும் படத்தின் அடிக்குறிப்பையும் மறுபடி ஒரு முறை பாருங்கள். கடைசி நேரத்தில் வெட்டுப்படுவது எப்போதும் ‘எனச் சொல்லப்படும்’ என்பதுதான்.